நர்ஸக்கா வருகிற சத்தம்

எங்கள் தெருவில் நர்ஸக்கா ஒரு வீட்டுக்குள் நுழைவதை யாரும் பார்த்ததில்லை. உள்ளே நிற்பதைத்தான் பார்த்திருக்கிறோம். நான் தையல் மிஷினில் குனிந்து ஒரு ஜாக்கெட்டுக்குக் கை வைத்துக்கொண்டிருப்பேன். "ஏட்டி, குழம்புல உப்பு கூடிப்போச்சு" என்று அடுப்படியிலிருந்து குரல் வரும். எனக்குத் தூக்கிவாரிப் போடும். எழுந்து போய்ப் பார்த்தால் கரண்டியும் கையுமாக நிற்பார். ஒரு தடவை என் வீட்டுக்காரர் குளித்துவிட்டு இடுப்பில் ஈரத்துண்டோடு கூடத்துக்கு வந்தார். அங்கே நர்ஸக்கா உட்கார்ந்து பேப்பர் படித்துக்கொண்டிருப்பதைப் பார்த்ததும் பீரோவுக்கும் சுவருக்கும் நடுவில் போய்ப் புகுந்துகொண்டார். அக்கா பேப்பரிலிருந்து தலையைத் தூக்காமலே, "தம்பி, முதுகுல தேமல் படர்ந்திருக்கு. களிம்பு தாரேன், போடுங்க" என்றார். தலையைத் தூக்காமல் முதுகை எப்படிப் பார்த்தார் என்று என் வீட்டுக்காரர் இன்றைக்கும் கேட்டுக்கொண்டிருக்கிறார்.

அவருக்கென்று ஒரு பெயர் இருந்தது. ஞாயிற்றுக்கிழமை சர்ச்சில் அந்தப் பெயரைச் சொல்லித்தான் கூப்பிடுவார்கள். மற்ற நாளெல்லாம் சங்கரன்கோவிலுக்கே அவர் நர்ஸக்காதான். கிராமம் கிராமமாகப் போய்ப் பிள்ளைத்தாய்ச்சிகளையும் கைக்குழந்தைகளையும் பார்க்கிற வேலை. அந்த வேலையில்தான் இந்தப் பழக்கம் வந்தது என்பார்.

"சொல்லிட்டுப் போனா வீடு நமக்குன்னு வேஷம் கட்டிட்டு நிக்கும்ட்டி. சொல்லாமப் போனாத்தான் அது அதுவா இருக்கும்."

அவர் சொல்வதில் உண்மை இல்லாமல் இல்லை. புளியங்குடிப் பக்கம் மாசமாக இருந்த ஒரு பெண், சத்து மாத்திரையை ஒழுங்காகப் போடுகிறேன் என்று சாமி மேல் சத்தியம் செய்திருக்கிறாள். அக்கா ஒருநாள் சொல்லாமல் போய், காப்பி போடுகிறேன் பேர்வழி என்று அடுப்படியில் நுழைந்து, துவரம்பருப்பு டப்பாவுக்குள் கையை விட்டு அத்தனை மாத்திரையையும் அள்ளிவிட்டார். அதற்கப்புறம் காலையில் ஒருநாள், உச்சி வெயிலில் ஒருநாள், விளக்கு வைக்கிற நேரத்தில் ஒருநாள் என்று போய், பக்கத்தில் உட்கார்ந்து முழுங்க வைத்தார். அவளுக்குச் சுகப்பிரசவம். அந்தப் பெண்ணை நான் பின்னால் ஒரு கல்யாண வீட்டில் பார்த்தேன். "இப்பவும் பருப்பு டப்பாவைத் திறக்கையில முதுகுக்குப் பின்னால அக்கா நிக்காவளோன்னு திரும்பிப் பாத்துக்கிடுதேன்" என்றாள். சிரித்துக்கொண்டுதான் சொன்னாள்.

ரிட்டயர் ஆனபிறகும் அந்தப் பழக்கம் ரிட்டயர் ஆகவில்லை. பெங்களூரில் வேலை பார்க்கிற மகன் வீட்டுக்குச் சொல்லாமல் பஸ் ஏறிப் போய், கதவைத் தட்டி, அழுக்குத் துணி மலைக்கு நடுவில் அவன் சிகரெட் பிடித்துக்கொண்டிருந்ததைப் பார்த்துவிட்டு, ஒரு வார்த்தையும் பேசாமல் துணி முழுவதையும் துவைத்துக் காயப்போட்டுவிட்டு அடுத்த பஸ்ஸில் திரும்பினார். மகன் எனக்குப் போன் போட்டு, "அம்மா பஸ் ஏறினா ஒரு மிஸ்டு கால் குடுங்கக்கா" என்று கெஞ்சினான். நான் கொடுத்தேன். எல்லாம் ஒரு தர்மம்தான்.

எனக்கு அவரை ரொம்பப் பிடிக்கும். பிடிக்கும் என்றால் கோபம் வராது என்று அர்த்தமில்லை. வீட்டில் ஒருநாள் சண்டை போட்டிருப்போம், கண் வீங்கியிருக்கும், கூட்டாத தரையில் நூல் துணுக்குகள் கிடக்கும். அந்த நேரம் பார்த்துத்தான் வருவார். ஒன்றும் கேட்க மாட்டார். விளக்குமாற்றை எடுத்துக் கூட்டிவிட்டுப் போவார். அவர் போனபிறகு ஆறுதலாகவும் இருக்கும், ஏன்டா பார்த்தார் என்றும் இருக்கும்.

பென்ஷன் வந்ததும் பழைய கார் ஒன்று வாங்கினார். வெள்ளை நிறம், சின்னது. அந்த வயதில் ஓட்டப் பழகி லைசென்சும் எடுத்துவிட்டார். காரில் வந்தால் தெரிந்துவிடுமே என்று நாங்கள் சந்தோஷப்பட்டோம். அக்கா எங்களைவிடக் கெட்டி. தெருமுனை வந்ததும் என்ஜினை அணைத்துவிடுவார். எங்கள் தெரு கொஞ்சம் சரிவு. வண்டி பூனையாக உருண்டு வந்து வாசலில் நிற்கும். "இப்படி அணைச்சிட்டு உருட்டினா பிரேக் சரியாப் பிடிக்காதுக்கா" என்று மெக்கானிக் திட்டித் தீர்த்தபிறகுதான் நிறுத்தினார். நிறுத்தியும் என்ன, அந்தக் கார் ஓடுகிற சத்தமே ஃபேன் சுற்றுகிற அளவுக்குத்தான் இருக்கும்.

அந்தக் காரில் வியாழக்கிழமைதோறும் அவர் கரிவலம்வந்தநல்லூருக்குப் போவார், எந்த நேரத்துக்கு என்று மட்டும் சொல்ல மாட்டார். துணைக்கு நானும் மிஷினை மூடிவிட்டு ஏறிக்கொள்வேன். அங்கே ஓர் அண்ணாச்சி இருந்தார். நஞ்சை வயல் வைத்து விவசாயம் பார்த்தவர், ஊரில் எந்தக் காரியத்துக்கும் முன்னால் நிற்கிற ஆள். அவருக்குப் பக்கவாதம் வந்து இடது கையும் காலும் விழுந்துவிட்டன. பேச்சும் குழறிவிட்டது. திருநெல்வேலியில் பார்த்த டாக்டர், "இந்த சில மாசத்துக்குள்ள எழுந்து நடந்து பழகிட்டார்னா காலை மீட்டுடலாம். படுத்தே கிடந்தார்னா இறுகிடும். அப்புறம் ஒண்ணும் பண்ண முடியாது" என்று சொல்லி அனுப்பியிருந்தார். அண்ணாச்சியின் மனைவியை நாங்கள் மதினி என்போம். மதினிக்கும் அக்காவுக்கும் பழைய பழக்கம். மதினியின் பிள்ளைகள் எல்லாம் அக்கா கையில் பிறந்தவர்கள். அதனால் அக்கா இதைத் தன் பொறுப்பாகவே எடுத்துக்கொண்டார். பிரஷர் பார்ப்பார், காலை நீட்டி மடக்கிவிடுவார், எழுந்திருக்கச் சொல்லிக் கெஞ்சுவார், அதட்டுவார்.

அண்ணாச்சி எழுந்திருக்கவில்லை. நாங்கள் போகும்போதெல்லாம் சுவரைப் பார்த்துப் படுத்திருப்பார். வேட்டி விலகியிருக்கும், மதினி ஓடிவந்து இழுத்து மூடுவாள். ஒருநாள் வாயில் வழிந்ததைத் துடைக்காமல் கிடந்தார். அக்கா தன் சேலைத் தலைப்பால் துடைத்துவிட்டார். அண்ணாச்சி கண்ணை இறுக மூடிக்கொண்டார். சங்கரன்கோவில் திரும்பி வந்தபிறகு அக்கா, "மனசு விட்டுட்டாருட்டி. காலுகூட வந்துரும், மனசு வராது" என்றார். அவர் குரல் அப்படி உடைந்து நான் கேட்டதில்லை.

அந்தச் சமயத்தில்தான் கார் படுத்தது. கொஞ்ச நாளாகவே இருமிக்கொண்டுதான் ஓடியது. ஊருக்கே வைத்தியம் பார்க்கிறவர் சொந்தக் கார் இருமுவதைக் கவனிக்கவில்லை. ஒருநாள் பாலத்தில் ஏற முடியாமல் முக்கி முனகி நின்றுவிட்டது. பின்னால் வந்த பஸ்காரன் ஹாரனிலேயே திட்டினான். தள்ளிக்கொண்டு போய் மெக்கானிக் தம்பியிடம் விட்டோம். கடையநல்லூர்க்காரன், துபாயில் கார் வேலை பார்த்துவிட்டு வந்து இங்கே ஒர்க் ஷாப் போட்டவன். அடியில் படுத்து எதையோ கழற்றி எடுத்துக் குலுக்கினான். உள்ளே கலகலவென்று ஓட்டுச்சில் சத்தம் கேட்டது.

"அக்கா, வண்டிக்கு மூச்சு முட்டிப்போச்சு. இதுக்குப் பேரு கன்வெர்ட்டர். என்ஜின்ல இருந்து வார புகையில உள்ள விஷத்தை முறிச்சு வெளிய விடுத சாமான். உள்ள தேன்கூடு கணக்கா இருக்கும். பிளக் போனதை நீங்க கவனிக்கல. எரியாத பெட்ரோலு இதுக்குள்ள போயி சூடாகி, கூடு உருகி அடைச்சிக்கிட்டுது."

"சரி, புதுசு போடு."

"ஒரிஜினல் சொல்லி வைக்கணும். வர நாளாவும். அதுவரைக்கும் வண்டி ஓடணும்னா வெளிய விக்குத பைப் ஒண்ணு இருக்கு, அதை மாட்டலாம். ஆனா அது வெறும் பைப்பு, உள்ள கூடு கிடையாது. சத்தம் கூடும். வாடை அடிக்கும். டேஷ்போர்டுல என்ஜின் லைட்டு அணையவே அணையாது. புகை டெஸ்ட்டுல தேறாது. சட்டப்படி அதோட ஓட்டவும் கூடாதுக்கா. நான் சொல்லிட்டேன்."

அக்கா யோசித்தார். "வீடு வீடாப் போயி அடுப்புப் புகை ஆகாதுன்னு சொன்னவ நான். நானே விஷப்புகை விட்டுட்டுப் போகவா?" என்றார். நகத்தைக் கடித்தார். பிறகு, "வியாழக்கிழமை கரிவலம் போவணும். மாட்டு. ஒரிஜினல் வந்ததும் மறுநிமிஷம் கழட்டிரணும்" என்றார்.

"இன்ஷா அல்லா, சீக்கிரம் வந்துரும்க்கா."

பைப்பை மாட்டிக் காரை ஸ்டார்ட் செய்தபோது ஒர்க் ஷாப் கூரையில் இருந்த புறாக்கள் எல்லாம் பறந்துவிட்டன. எங்கள் தெருவுக்குள் வரும்போது எல்லா வீட்டுக் கதவும் திறந்தது. டிராக்டர் வருகிறது என்று நினைத்தார்களாம். பூ மார்க்கெட் வழியாகப் போனால் மல்லிகைப்பூ கட்டுகிற பெண்கள் முந்தானையால் மூக்கைப் பொத்திக்கொண்டு, "நர்ஸக்கா, பூ வாடிரும், சீக்கிரம் போங்க" என்று கத்துவார்கள். எனக்குக் கண் எரிந்தது. டேஷ்போர்டில் அந்த மஞ்சள் லைட் முழித்துக்கொண்டே இருந்தது. அக்காவுக்கு அதைப் பார்க்கப் பார்க்கக் குற்ற உணர்ச்சி. நான் என் நெற்றியிலிருந்த ஸ்டிக்கர் பொட்டை எடுத்து அதன் மேல் ஒட்டிவிட்டேன். அக்கா பொட்டு வைக்கிறவர் இல்லை. "எங்க பாஸ்டர் பாத்தா என்னட்டி சொல்லுவாரு? வண்டியை மதம் மாத்திட்டியே" என்றார்.

தெருவுக்கு அது பொற்காலம். அக்காவின் கார் தேரடித் தெருவில் திரும்பும்போதே எங்களுக்குக் கேட்டுவிடும். தரையைக் கூட்டுவோம், பாத்திரத்தைக் கழுவிக் கவிழ்ப்போம், சர்க்கரை வியாதிக்காரர்கள் வாயிலிருக்கும் அல்வாவை முழுங்கிவிட்டுத் தண்ணீர் குடிப்பார்கள். என் வீட்டுக்காரர் சட்டை போட்டுக்கொள்வார். அக்கா வாடிப்போனார். "எல்லா வீடும் பளபளன்னு கெடக்கு. ஒருத்தர் வீட்டுலயும் ஒரு குறை இல்ல. எல்லாரும் சிரிச்சிக்கிட்டே நிக்காவ. எனக்கு வயித்தெரிச்சலா வருது" என்று என்னிடம் புலம்பினார். நான் சிரிப்பை அடக்கிக்கொண்டு ஜாக்கெட்டுக்கு ஹெம்மிங் செய்தேன்.

ஆனால் கரிவலத்தில் ஓர் அதிசயம் நடந்தது. பைப் மாட்டியபிறகு முதல் தடவை போனபோது அண்ணாச்சி சுவரைப் பார்த்துப் படுத்திருக்கவில்லை. கட்டிலில் எழுந்து உட்கார்ந்திருந்தார். அடுத்த வியாழக்கிழமை உடம்பில் சட்டை இருந்தது. அதற்கப்புறம் ஒருநாள் கட்டிலே காலியாக இருந்தது. அக்கா பதறிப்போய்த் திரும்பினால் கூடத்து நாற்காலியில் இருக்கிறார், தலை படிய வாரி, நெற்றி நிறையத் திருநீறோடு. "மாத்திரை வேலை செய்யுதுட்டி!" என்று அக்கா காரில் ஏறியதும் என் தொடையில் அடித்தார். டாக்டருக்குப் போன் போட்டு மாத்திரையைப் பாராட்டினார். டாக்டரும் பாராட்டை வாங்கிக்கொண்டார். நர்ஸக்கா சந்தோஷமாக இருந்தால் காருக்குள் கீர்த்தனை பாடுவார். அந்தப் பைப் சத்தத்துக்கு மேலாக அவர் பாடியதை இப்போது நினைத்தாலும் எனக்குச் சிரிப்பு வரும்.

பிறகு ஒரிஜினல் வந்தது. மெக்கானிக் தம்பி வெறும் பைப்பைக் கழற்றிவிட்டுப் புதுக் கன்வெர்ட்டரை மாட்டினான். மஞ்சள் லைட் அணைந்தது. வாடை போயிற்று. புகை டெஸ்ட்டிலும் வண்டி தேறியது. அக்கா ஸ்டியரிங்கைத் தடவிக்கொடுத்தார். "இப்பத்தான் என் வண்டி. எவளும் இனி எங்கிட்ட வேஷம் போட முடியாது" என்று என்னைப் பார்த்துக் கண் சிமிட்டினார்.

அந்த வியாழக்கிழமை கரிவலம் போனோம். மெயின் ரோட்டிலிருந்து பிரிந்து, குளக்கரையைச் சுற்றிக்கொண்டுதான் அண்ணாச்சி வீட்டுக்குப் போக வேண்டும். நடுவில் வயல்கள் மட்டும்தான். வாசலில் கார் நின்றது எங்களுக்கே கேட்கவில்லை. அக்கா பிரஷர் மிஷின் பையைத் தூக்கிக்கொண்டு வழக்கம்போல விறுவிறுவென்று உள்ளே போனார். நான் பின்னால் போனேன். கூடத்தில் யாரும் இல்லை. புறவாசல் பக்கம் தண்ணீர் சத்தம் கேட்டது. அக்கா அங்கேயே போய்விட்டார்.

பிளாஸ்டிக் ஸ்டூலில் அண்ணாச்சி உட்கார்ந்திருந்தார். உடம்பில் சட்டை இல்லை, இடுப்பில் நனைந்த துண்டு மட்டும். மதினி அவர் முதுகுக்குச் சோப்புப் போட்டுக்கொண்டிருந்தாள். எங்களைப் பார்த்ததும் அவருடைய நல்ல கை துழாவியது, மறைக்க ஏதாவது அகப்படுமா என்று. ஒன்றும் அகப்படவில்லை. கை மார்பின் மேல் வந்து நின்றது. அந்த முகத்தை என்னால் பார்க்க முடியவில்லை. நான் கிணற்றடிப் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

"வண்டி..." என்றார். நாக்கு புரளவில்லை. மறுபடியும் முயன்றார். "வண்டிச் சத்தம் எங்க?"

அக்காவுக்குப் புரியவில்லை. "ரிப்பேர் பாத்தாச்சு அண்ணாச்சி. இப்ப சத்தமே வராது."

மதினி தன் சேலைத் தலைப்பை விரித்து அவருக்கு முன்னால் வந்து நின்றுகொண்டாள். அவள் கண் நிறைந்துவிட்டது. "அந்தச் சத்தம் கேட்டாத்தான், நர்ஸக்கா, இவிய எந்திரிப்பாவ. நீங்க குளக்கரையில திரும்பும்போதே இங்கன கேட்டுரும். 'வாராவ, சட்டையை எடு'ன்னு எம்மேல எரிஞ்சு விழுவாவ. நான் போட்டுவிடப்படாதாம், ஒத்தைக் கையாலயே போடுவாவ. சுவத்தைப் பிடிச்சுப் பிடிச்சு நாற்காலிக்கு வந்துருவாவ. முதல்ல பாதி வழியில உக்காந்துட்டாவ. அழுதாவ. அடுத்த வாரம் வந்துட்டாவ. நீங்க வாரதுக்கு முன்ன எப்படியாச்சும் உக்காந்திரணும்னு, வாரம் பூரா பழகுதாவ."

அந்த நிமிஷத்தில் அக்காவுக்கும் எனக்கும் விளங்கியது. நாங்கள் சொல்லாமல் போய் நின்ற நாளெல்லாம், ஊரில் முன்னால் நின்ற மனுஷனை வேட்டி விலகி வாய் வழியக் கிடக்கிற கோலத்திலேயே பார்த்திருக்கிறோம். எங்கள் முகத்தில் விழிக்க முடியாமல்தான் அவர் சுவரைப் பார்த்துப் படுத்தார். அக்கா பையை மெதுவாகக் கீழே வைத்தார். "ஏட்டி, வா" என்று என் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு வாசலுக்கு நடந்தார்.

ஊருக்குத் திரும்புகிறோம் என்றுதான் நினைத்தேன். கார் குளக்கரை வளைவைத் தாண்டி மெயின் ரோட்டோரம் போய் நின்றது. அங்கே என்ஜினை அணைத்துவிட்டு அக்கா முந்தானையால் முகத்தைத் துடைத்தார்.

"எத்தனை வீட்டுல இப்படிப் போயி நின்னிருக்கேன்ட்டி."

"நல்லதுக்குத்தானக்கா போனீங்க."

"நல்லதுதான். இல்லங்கல." ஜன்னல் வழியாக வயலைப் பார்த்தார். "கொஞ்சம் பொறுப்போம். அவரு துடைச்சு, உடுத்தணும்லா."

பொறுத்தோம். அக்கா எதற்கும் பொறுத்து நான் பார்த்தது அன்றைக்குத்தான். வாட்ச்சைப் பார்ப்பார், வீட்டுப் பக்கம் எட்டிப் பார்ப்பார், மறுபடி சீட்டில் சாய்வார். கடைசியில் காரை எடுத்து, ஹாரனில் உள்ளங்கையை வைத்து அழுத்தினார். குளக்கரை முழுவதும் கையை எடுக்கவே இல்லை. கரையில் மேய்ந்த எருமைகள் ஒதுங்கின. துணி துவைத்துக்கொண்டிருந்தவர்கள் எழுந்து நின்று பார்த்தார்கள். ஒருத்தர், "என்ன நர்ஸம்மா, பிரேக் போயிட்டா?" என்று கத்தினார். அக்கா காதிலேயே வாங்கவில்லை. ஆளே நடந்து முந்திவிடுகிற வேகத்தில் காரை உருட்டிக்கொண்டு, அடித்தது அடித்தபடி வந்தார்.

வாசலில் இறங்கினோம். அக்கா செருப்பைக் கழற்றிவிட்டுப் படிக்கு வெளியிலேயே நின்றார். உள்ளே சுவரில் கை உரசுகிற சத்தமும், ஒரு கால் இழுபடுகிற சத்தமும் கேட்டன. "விடுட்டி, விடு" என்று அண்ணாச்சி மதினியை அதட்டுவது கேட்டது. நாற்காலி இருக்கிற இடத்தைச் சத்தம் தாண்டியது. அக்கா என் கையை இறுகப் பிடித்துக்கொண்டார்.

அண்ணாச்சி வாசல் நிலையைப் பிடித்துக்கொண்டு வந்து நின்றார். நாற்காலிக்கு இந்தப் பக்கம் அவர் வந்தது அதுதான் முதல் தடவை. உடம்பு நடுங்கியது. வெள்ளைச் சட்டையில் பித்தான்கள் ஓட்டை மாறி மாட்டியிருந்தன, காலர் ஒரு பக்கம் ஏறியிருந்தது. அக்காவின் கண் நேராக அந்தப் பித்தானுக்குப் போனது. கையும் பாதி தூரம் போனது. போன கையை இழுத்துக்கொண்டார்.

"வாங்க... நர்ஸம்மா" என்றார் அண்ணாச்சி. ஒவ்வோர் எழுத்தாகத் தேடி எடுத்துச் சொன்னார்.

எனக்கு அழுகை வந்துவிட்டது. சந்தோஷத்தில்தான். நர்ஸக்கா இரண்டு கையையும் கூப்பினார்.

"வாரேன் அண்ணாச்சி" என்று சொல்லிவிட்டு, அவர் ஒதுங்கி வழிவிடுகிறவரைக்கும் வெயிலிலேயே நின்றார்.